பாவு பிணைக்கப் போன சாட்சி

சட்டப்பிரிவு எண்களை மட்டும் என்னிடம் கேட்காதீர்கள். முப்பது வருடம் மனப்பாடம் செய்து, தூக்கத்தில் எழுப்பினாலும் ஒப்பிக்கிற அளவுக்குத் தேறியிருந்தேன். நான் ஓய்வு பெற்ற சூட்டோடு எல்லா எண்களையும் மாற்றிவிட்டார்கள். “இந்த ஆள் எப்போ கிளம்புவாருன்னு காத்துக்கிட்டு இருந்திருக்காங்க” என்பது என் மனைவியின் தீர்ப்பு. அந்த நீதிமன்றத்தில் மேல்முறையீடு கிடையாது.

எண் மாறினாலும் பிடிவாரண்ட் மாறவில்லை. அதே ஒற்றைத் தாள்தான், அதே இரண்டு நொடிக் கையெழுத்துதான். நடுவர்களாகப் போகிற உங்களுக்கு அதைப் பற்றி நான் சொல்ல வேண்டியது ஒன்று இருக்கிறது. பெரிய வழக்கில் தீர்ப்பு எழுத உங்களை இன்னும் பல வருடம் நம்ப மாட்டார்கள். ஆனால் ஒரு மனிதரை அவர் இருக்கிற இடத்திலிருந்து தூக்கிவரச் சொல்லும் அதிகாரத்தை, இருக்கையில் உட்கார்ந்த முதல் நாளே கையில் கொடுத்துவிடுவார்கள். சமையல் தெரியாதவனிடம் கரண்டியைக் கொடுக்க யோசிப்பவர்கள் அரிவாளைக் கொடுக்க யோசிப்பதில்லை.

என் சாதனைகளை எழுதலாம் என்றுதான் உட்கார்ந்தேன். அரைப் பக்கத்தில் முடிந்துவிட்டது. ஆகவே இதை எழுதுகிறேன்.

காஞ்சிபுரத்தில் ஒரு நடுவர் நீதிமன்றத்தில் மூன்று வருடம் இருந்தேன். நான் அந்த ஊர்க்காரன் இல்லை. பட்டுக்கும் எனக்கும் இருந்த சம்பந்தமெல்லாம் மனைவியோடு கடைக்குப் போய், “எல்லாமே நல்லாத்தான் இருக்கு” என்று சொல்லி வாங்கிக் கட்டிக்கொள்வதுதான். சேலை கடையில் விளைகிறது என்று நினைக்கிற அளவுக்கு முட்டாள் இல்லை. ஆனால் அது எப்படி உண்டாகிறது என்று ஒரு நாளும் எட்டிப் பார்த்ததில்லை. அந்த அறியாமைக்கு வேறொருவர் விலை கொடுத்தார்.

அவர் பெயரை மாற்றிப் பச்சையம்மாள் என்று வைத்துக்கொள்வோம். அவரும் அவர் கணவரும் மொபெட்டில் மாகறல் பக்கம் போய்க்கொண்டிருந்தார்கள். தொழிற்சாலைக்கு ஆள் ஏற்றிச் செல்லும் பஸ் ஒன்று பின்னால் வந்து மோதியது. பின்னால் உட்கார்ந்திருந்த அவர் வயல் சேற்றில் போய் விழுந்தார். கணவர் தார் ரோட்டில் விழுந்தார், எழுந்திருக்கவில்லை. பஸ் ஓட்டியவன் இறங்கி வந்தான். குனிந்து பார்த்தான். திரும்ப ஏறி ஓட்டிக்கொண்டு போய்விட்டான். எழ முடியாமல் சேற்றில் கிடந்த பச்சையம்மாளைத் தவிர அதைப் பார்த்தவர் யாரும் இல்லை. பஸ்ஸின் நிறம், எண்ணின் கடைசி இரண்டு இலக்கம், ஓட்டுநர் கழுத்தில் கிடந்த துண்டு, எல்லாவற்றையும் அன்றே போலீஸில் சொல்லியிருந்தார். அதை வைத்துத்தான் ஆளையும் பிடித்தார்கள். அவர் கூண்டில் ஏறி வாய் திறந்தால் வழக்கு நிற்கும். திறக்காவிட்டால் அந்தச் சாவுக்குக் கேட்க ஆளில்லை.

வழக்கு விசாரணைக்கு வந்தது. சாட்சிக்கு மூன்று முறை அழைப்பாணை அனுப்பினோம். மூன்று முறையும் ‘வீடு பூட்டியிருந்தது’ என்று திரும்பி வந்தது. மூன்றாவது அறிக்கையில் கூடுதலாக ஒரு வார்த்தை இருந்தது: ‘தலைமறைவு’.

அந்த மாதம் நான் ஏற்கெனவே நொந்து போயிருந்தேன். பழைய வழக்குகளை யார் எத்தனை முடித்தார்கள் என்று மாவட்ட நீதிபதி முன்னிலையில் வாசிப்பார்கள். கடைசி பெஞ்சு எனக்குப் பள்ளியிலிருந்தே பழக்கம்தான். ஆனால் வழுக்கை விழுந்த பிறகு கடைசி பெஞ்சில் உட்காருவது வேறு மாதிரி வலிக்கிறது. அடுத்த கூட்டத்துக்குள் பழைய வழக்குக் கட்டுகளைக் குறைத்தே தீர வேண்டும் என்று சபதம் எடுத்திருந்தேன்.

அன்று காலை எதிரித் தரப்பு வக்கீல் எழுந்தார். நல்ல குரல்வளம் உள்ளவர்.

“சார், என் கட்சிக்காரர் ஒவ்வொரு வாய்தாவுக்கும் வேலையை விட்டுட்டு வந்து நிக்கறார். புகார் கொடுத்த சாட்சிக்கே அக்கறையில்லை. தலைமறைவுன்னு போலீஸே எழுதிக் கொடுத்திருக்கு. நியாயமான கேஸா இருந்தா ஓடி ஒளிவாங்களா சார்?”

அரசு வக்கீலைப் பார்த்தேன். அவர் வேறொரு கட்டைப் புரட்டிக்கொண்டே, “வாரண்ட் போட்டுடலாம் சார்” என்றார்.

என் பெஞ்ச் கிளார்க் கட்டைக் கையில் வைத்துக்கொண்டு மெல்ல எழுந்தார். வேலை தெரிந்தவர். என்னைவிட அதிகம் தெரிந்தவர் என்பதால் அவரை எனக்கு அவ்வளவாகப் பிடிக்காது.

“சார், சம்மன் இன்னும் அந்தம்மா கையில போய்ச் சேரல.”

“தலைமறைவுன்னு போட்டிருக்கே?”

“போட்டிருக்கு சார். போய்ட்டு வந்த கான்ஸ்டபிளை ஒரு வார்த்தை கேட்டுட்டு...”

“இன்னும் எத்தனை கேஸ் இருக்கு?”

“அறுபத்திச் சொச்சம் சார்.”

கடிகாரத்தைப் பார்த்தேன். அன்று வீட்டிலிருந்து வத்தக்குழம்பு வருவதாக ஏற்பாடு. ஒரு பெண்ணின் சுதந்திரத்துக்கும் வத்தக்குழம்புக்கும் நடுவில் என் மனம் எவ்வளவு நேரம் ஊசலாடியது என்று நீங்கள் கேட்கலாம். ஊசலாடவே இல்லை.

காரணத்தை எழுத்தில் பதிவு செய்துவிட்டுத்தான் வாரண்ட் போட வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. என்னிடம் அதற்கு ஒரு ரப்பர் ஸ்டாம்ப் இருந்தது. ‘ஆஜரில்லை. பிடிவாரண்ட். வாய்தா’ என்று இருக்கும், பக்கத்தில் தேதிக்கு இடம். சாட்சி எங்கே போனார், ஏன் வரவில்லை, வேறு வழி ஏதாவது உண்டா என்று யோசிக்கிற வேலையை ரப்பரிடம் விட்டிருந்தேன். ஓங்கிக் குத்தினேன். ‘பிணை எழுதிக் கொடுத்தால் விட்டுவிடலாம்’ என்று அந்தத் தாளிலேயே ஒரு வரி சேர்க்க எனக்கு அதிகாரம் இருந்தது. பேனாவில் மையும் இருந்தது. அறுபத்திச் சொச்சம் வழக்கும் இருந்ததே.

அடுத்து சனிக்கிழமை காலை. இந்த இடத்தை நான் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும். வாரண்ட் போட்டது தப்பு என்றால் இது அதைவிடப் பெரிய தப்பு.

உறவில் ஒரு கல்யாணம். பத்தரையிலிருந்து பன்னிரண்டு முகூர்த்தம். கார் தயாராக நிற்கிறது, மனைவி உள்ளே உட்கார்ந்துவிட்டாள். பட்டு வேட்டி என் இடுப்பில் நிற்காது. இடுப்பு என்று ஒன்று எனக்கு இல்லை என்பது காரணம். ஒரு கையால் வேட்டியைப் பிடித்துக்கொண்டு போர்ட்டிகோவுக்கு வந்தபோது கேட்டுக்கு வெளியே ஜீப் நின்றது. வயதான ஏட்டு ஒருவர் காகிதங்களோடு ஓடி வந்தார்.

“ஐயா, வாரண்ட் சாட்சிங்கய்யா. அந்த பஸ் கேஸு. நேத்து சாயங்காலம் புடிச்சோம். ராத்திரி மகளிர் ஸ்டேஷன்ல வச்சிருந்தாங்க.”

“சரி, திங்கட்கிழமை கோர்ட்ல ஆஜர் பண்ணுங்க.”

“ஐயா...” அவர் தலையைச் சொறிந்தார். “ஒரு பாண்டு எழுதி வாங்கிக்கினு அனுப்பிடலாங்களா? பாவமா இருக்குதுங்க. திங்கக்கெழம நானே கூட்டிக்கினு வந்து நிறுத்தறேன்.”

கவனியுங்கள். சட்டத்தை அமல்படுத்துகிற போலீஸ்காரர் ஒரு மனுஷியின் சுதந்திரத்துக்காகக் கெஞ்சுகிறார். அதைக் காப்பாற்றச் சம்பளம் வாங்குகிற நான் வேட்டியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறேன்.

“மூணு வாய்தா ஏமாத்தியிருக்காங்க ஏட்டையா. விட்டா மறுபடி ஓடிடுவாங்க.”

“ஓடற ஆளு மாதிரி தெரியலீங்க. ஜீப்புலதான் குந்திக்கினு இருக்குது. ஐயா ஒரு தபா பாத்துட்டீங்கன்னா...”

காருக்குள்ளிருந்து மனைவி, “முகூர்த்தம் நமக்காகக் காத்துக்கிட்டு இருக்காது” என்றாள்.

ஜீப் இருபதடி தூரத்தில் இருந்தது. நான் போய்ப் பார்க்கவில்லை. ஏட்டு நீட்டிய அட்டையில் காகிதத்தை வைத்து, ‘திங்கட்கிழமை வரை நீதிமன்றக் காவல்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். மற்றொரு கை வேட்டியிலேயே இருந்தது. பச்சையம்மாளை அங்கிருந்து பெண்கள் சிறைக்குக் கொண்டுபோனார்கள். நாங்கள் கல்யாணத்துக்குப் போனோம். சாப்பாடு மிக நன்றாக இருந்தது. அதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

திங்கட்கிழமை அவரைக் கூண்டில் ஏற்றினார்கள். கிட்டத்தட்ட ஐம்பது வயது இருக்கும், ஒல்லியான உடம்பு. வெள்ளிக்கிழமை கட்டியிருந்த சேலைதான். கூண்டின் கட்டையைப் பிடித்திருந்த விரல் நுனிகள் மட்டும் சாம்பல் பூத்திருந்தன. நான் கண்ணாடியை மூக்கின் நுனிக்கு இறக்கினேன். அப்படி இறக்கினால் கம்பீரமாக இருக்கும் என்று எனக்கொரு நினைப்பு.

“ஏம்மா, கோர்ட்டுன்னா விளையாட்டா இருக்கா? மூணு தடவை கூப்பிட்டும் ஏன் வரல?”

“எங்கிட்ட யாரும் வந்து சொல்லலீங்கய்யா.”

“எப்போ வந்தாலும் வீடு பூட்டியிருக்குன்னு எழுதியிருக்காங்களே. எங்க போயிருந்தே?”

“பாவு பிணைக்கப் போவேங்கய்யா.”

“அப்படின்னா?”

நீதிமன்றம் முழுவதும் என்னைப் பார்த்தது. சோறு என்றால் என்ன என்று ஒரு பெரிய மனிதன் கேட்டால் எப்படிப் பார்ப்பார்களோ அப்படி. பெஞ்ச் கிளார்க் என் காதருகே வந்து விளக்கினார். தறியில் நீளவாட்டில் கட்டியிருக்கிற நூல்தான் பாவு. மூன்று சேலை நெய்தால் அது தீர்ந்துபோகும். புதுப் பாவு வந்ததும், பழைய பாவின் மிச்ச இழையோடு புதுப் பாவின் இழையை ஒவ்வொன்றாக விரலால் முறுக்கி இணைக்க வேண்டும். ஆயிரக்கணக்கான இழைகள். வழுக்காமலிருக்க விரலில் சாம்பலைத் தொட்டுக்கொள்வார்கள். அதற்கென்றே கை தேர்ந்தவர்கள் இருக்கிறார்கள். எந்த வீட்டில் பாவு தீர்ந்ததோ அந்த வீட்டுக்குக் காலையில் போனால் விளக்கு வைக்கிற நேரத்துக்குத்தான் திரும்புவார்கள். இன்று பிள்ளையார்பாளையம், நாளை பக்கத்து ஊர். கணவர் இருந்தவரை மொபெட்டில் கொண்டு விட்டார். விபத்து நடந்த அன்றும் அந்த வேலைக்குத்தான் போய்க்கொண்டிருந்தார்கள். இப்போது பஸ்ஸிலோ ஷேர் ஆட்டோவிலோ போகிறார்.

அவர் தலைமறைவாகவெல்லாம் இல்லை. ஊரில் பாதி வீட்டுக் கூடத்தில் வெளிச்சத்தில் உட்கார்ந்திருந்தார்.

“ஐயா, ஒண்ணு கேக்கலாங்களா?” என்றார் பச்சையம்மாள்.

“கேளும்மா.”

“என் வூட்டுக்காரரை இடிச்சானே, அவன் எத்தினி நாள் உள்ள இருந்தான்?”

கட்டைப் புரட்டினேன். எனக்குப் பதில் தெரியும், இருந்தும் புரட்டினேன். அது ஜாமீனில் விடக்கூடிய குற்றம். ஸ்டேஷனிலேயே எழுதிக் கொடுத்துவிட்டு, பிடிபட்ட அன்று மாலையே வீட்டுக்குப் போய்விட்டான்.

“அவர் ஜாமீன்ல...”

“எத்தினி நாளுங்கய்யா?”

“ஒரு நாளும் இல்லம்மா.”

“சரிங்கய்யா” என்றார். அவ்வளவுதான். அந்தச் சாவுக்காக இதுவரை சிறைக்குள் படுத்தவர் ஒரே ஒருவர். என் கையெழுத்தில் போய்ப் படுத்தவர்.

வாரண்டை ரத்து செய்தேன். அவர் சொந்தப் பொறுப்பில் எழுதி வாங்கிக்கொண்டு, இரண்டு வாரம் தள்ளித் தேதி கொடுத்தேன். மதிய இடைவேளையில், சம்மன் கொண்டுபோன கான்ஸ்டபிளை என் அறைக்கு வரச் சொன்னேன். நல்ல பையன், நேராக நின்றான். பொய்யும் சொல்லவில்லை. அதுதான் கொடுமை.

“எத்தனை மணிக்குப் போனே?”

“பதினோரு மணி வாக்குலங்கய்யா. மூணு தபாவும் பூட்டிக்கினு இருந்திச்சி.”

“பக்கத்து வீட்ல கேட்டியா?”

“கேட்டேங்கய்யா. பாவு பிணைக்கப் போயிருக்குதுன்னாங்க.”

“தெரிஞ்சிருக்கு இல்ல? அப்புறம் ஏன் தலைமறைவுன்னு எழுதினே?”

அவன் தயங்கினான். “அந்த ஃபார்ம்ல பாவு பிணைக்கப் போயிருக்காங்கன்னு எழுதறதுக்கு எடம் இல்லீங்களேய்யா.”

அவன் சொன்னது உண்மை. ஆள் கையில் சார்பு செய்யப்பட்டது, வீடு பூட்டியிருந்தது, தலைமறைவு. எங்கள் படிவத்தில் மனிதர்கள் இருக்கக்கூடிய நிலை இவ்வளவுதான். வேலைக்குப் போயிருக்கிறார் என்ற நிலை கிடையாது.

“சரி, சம்மனுக்கு மூணு தடவை அலைஞ்சும் கிடைக்காத ஆள் வாரண்டுக்கு எப்படிக் கிடைச்சாங்க?”

“அது ஈஸிங்கய்யா.” பையன் முகம் மலர்ந்தது. வேலையை ஒழுங்காகச் செய்த மலர்ச்சி. “டீக்கடையில போயி இன்னிக்கு யார் வூட்ல பாவு தீந்துச்சின்னு கேட்டோம். பத்து நிமிஷத்துல சொல்லிட்டாங்க.”

நண்பர்களே, நான் பணியிலிருந்து கற்றது முழுவதும் அந்தப் பத்து நிமிடத்தில் அடங்கும். ‘நாளைக்கு வந்து சாட்சி சொல்லுங்கம்மா’ என்று கூப்பிட அவரைக் கண்டுபிடிக்க முடியவில்லை. பிடித்துக்கொண்டு போக உடனே முடிந்தது. அந்த டீக்கடை முதல் தடவையும் அங்கேதான் இருந்தது. அந்தக் கேள்வியை முதல் தடவை யாரும் கேட்கவில்லை, ஏனென்றால் கேட்கும்படி நான் யாரையும் நிர்ப்பந்திக்கவில்லை. நீதிமன்றம் அலட்சியமாக இருந்தால் காவலர் சிரத்தையாக இருக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பதில் என்ன நியாயம்? அந்தப் பையனைத் திட்ட வாயெடுத்தேன். திட்டினால் கண்ணாடி முன் நின்று திட்ட வேண்டும் என்று தோன்றியது. போகச் சொல்லிவிட்டேன்.

அன்று மாலை வேறொரு விஷயம் நினைவுக்கு வந்தது. நானும் ஒரு சாட்சிதான். முன்பு வேறு மாவட்டத்தில் ஒருவரின் மரண வாக்குமூலத்தை நான் பதிவு செய்திருந்தேன். அந்த வழக்கில் சாட்சி சொல்ல எனக்கும் அழைப்பாணை வந்திருந்தது. நான் இரண்டு வாய்தாவுக்குப் போகவில்லை. ஒரு தடவை காய்ச்சல், ஒரு தடவை மறதி. அந்த நீதிமன்றத்திலிருந்து எனக்கு என்ன வந்தது தெரியுமா? ஒரு கடிதம். ‘தங்களுக்கு வசதியான தேதியைத் தெரிவிக்குமாறு அன்புடன் கேட்டுக்கொள்கிறோம்.’ அதற்கும் நான் ஒரு வாரம் கழித்துத்தான் பதில் போட்டேன். என்னை யாரும் தலைமறைவு என்று எழுதவில்லை. என் வீட்டையும் யாரும் பகல் பதினோரு மணிக்கு வந்து பார்க்கவில்லை. பார்த்திருந்தால் பூட்டித்தான் இருந்திருக்கும்.

அன்றோடு நான் திருந்தி மகானாகிவிட்டேன் என்று எழுத ஆசைதான். வேட்டிகூட இன்னும் நிற்பதில்லை. ஆனால் ஒன்றிரண்டு பழக்கம் ஒட்டிக்கொண்டது. வாரண்டுக்கான காரணத்தைக் கையால், முழு வாக்கியமாக எழுத ஆரம்பித்தேன். கையால் எழுதும்போது ஒரு வசதி இருக்கிறது. காரணம் இல்லாவிட்டால் பேனா நின்றுவிடும். வரவில்லை என்பது வேறு, வர மாட்டேன் என்பது வேறு. முன்னதைப் பின்னதாக மாற்ற நமக்கு ஆதாரம் வேண்டும். போய்த் தேடியவரைக் கூப்பிட்டு எத்தனை மணிக்குப் போனார், யாரைக் கேட்டார், என்ன சொன்னார்கள் என்று விசாரிப்பேன். இரண்டு நிமிடம் ஆகும். சட்டம் முதலில் அழைக்கச் சொல்கிறது, பிறகு பிணையோடு விடக்கூடிய வாரண்டுக்கு இடம் தருகிறது. கடைசிப் படியில் ஏறுவதற்கு முன் கீழ்ப்படிகளில் கால் வைத்தோமா என்று பார்ப்பேன். வெள்ளிக்கிழமை யாராவது பிடிபட்டால் சனி ஞாயிறு அவர் எங்கே இருப்பார் என்று ஒரு தடவையாவது யோசிப்பேன். யாரையும் முகம் பாராமல் காவலுக்கு அனுப்புவதில்லை, முகூர்த்தம் தவறினாலும். இதனால் கடைசி பெஞ்சில் இன்னும் சில கூட்டங்கள் உட்கார்ந்தேன். அதற்காக யாரும் சாகவில்லை.

இவ்வளவும் பிறகு வந்தவர்களுக்கு உதவியிருக்கலாம். பச்சையம்மாளுக்கு இல்லை.

இரண்டு வாரம் கழித்து அவர் வந்தார். கோர்ட்டைப் பெருக்குகிறவர் வருவதற்கு முன்பே வாசலில் வந்து உட்கார்ந்திருந்தாராம். நான் என்னால் ஆன பிராயச்சித்தமாகக் கூண்டுக்குள் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியும், ஒரு டம்ளர் தண்ணீரும் வைக்கச் சொல்லியிருந்தேன். அவர் உட்காரவில்லை. தண்ணீரையும் தொடவில்லை.

அரசு வக்கீல் ஆரம்பித்தார். “அன்னிக்கு என்ன நடந்துச்சுன்னு சொல்லும்மா.”

“நான் ஒண்ணும் பாக்கலீங்க.”

“பஸ் வந்து மோதினதைப் பார்த்தீங்க இல்ல?”

“இல்லீங்க. சேத்துல கெடந்தேன். கண்ணு தெரியல.”

“ஓட்டினவர் இறங்கி வந்து பார்த்தார்னு போலீஸ்ல சொல்லியிருக்கீங்களே. இதோ நிக்கறாரு பாருங்க. இவர்தானே?”

பச்சையம்மாள் திரும்பி ஓட்டுநரைப் பார்த்தார். நீண்ட நேரம் பார்த்தார். அவன் தலையைக் குனிந்துகொண்டான். அந்தக் குனிந்த தலையே போதும், எனக்கு உண்மை தெரிந்துவிட்டது. ஆனால் என் கண்ணுக்குத் தெரிவது சாட்சியம் ஆகாது.

“இவரை எனக்குத் தெரியாதுங்க.”

அரசு வக்கீல் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். எதிரித் தரப்பு வக்கீல்கூட நம்ப முடியாமல் விழித்தார். எனக்குள் நீதி பொங்கியது. பஸ் முதலாளி ஆள் அனுப்பியிருக்கிறான், சாட்சியைக் கலைத்துவிட்டான், இதை நான் விடப்போவதில்லை! கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு முன்னால் குனிந்தேன்.

“நான் ஒரு கேள்வி கேட்கறேம்மா. பயப்படாம சொல்லு. உன்னை யாராவது மிரட்டினாங்களா?”

பச்சையம்மாள் கூண்டின் கட்டையைப் பிடித்துக்கொண்டார்.

“யாரா இருந்தாலும் சரி. எவ்வளவு பெரிய ஆளா இருந்தாலும் நான் பார்த்துக்கறேன். மிரட்டினாங்களா?”

“ஆமாங்கய்யா.”

வக்கீல் துள்ளி எழுந்தார். உட்காரும்படி கையைக் காட்டினேன்.

“யாரு?”

“நீங்கதாங்கய்யா.”

குரலில் கோபம் இல்லை. பஸ் எங்கே நிற்கும் என்று கேட்டவருக்கு வழி சொல்வது போலச் சொன்னார்.

“தப்பா சொல்லலீங்கய்யா. கேட்டீங்களேன்னு சொன்னேன். அவரு செத்த வருசம், தாலியறுத்தவ கையால புதுப் பாவான்னு செல வூட்ல கூப்புடல. அப்பறம் கை சுத்தம்னு அவங்களே கூப்டாங்க. இப்ப ஜெயிலுக்குப் போன கைன்றாங்க. பாதிப் பாவுல எழுப்பிக்கினு போனாங்க, அந்த வூட்ல வேற ஆள வச்சி முடிச்சிக்கினாங்க. இன்னிக்கு நான் பாத்தேன்னு சொன்னா மறுபடி வாய்தாம்பீங்க, அப்பறம் மேல்கோர்ட்டும்பீங்க. ஒரு நாளு நான் வூட்ல இல்லன்னா...”

நிறுத்தினார். சேலைத் தலைப்பை இழுத்துத் தோளைச் சுற்றிக்கொண்டார்.

“அவரு செத்துட்டாருங்கய்யா. நான் இருக்கணும் இல்ல?”

தட்டச்சர் விரல்களைப் பலகை மேல் வைத்தபடி என்னைப் பார்த்தார். நீதிமன்றமே கேட்ட கேள்வி அது. கேள்வியும் பதிலும் வார்த்தைக்கு வார்த்தை பதிவாக வேண்டும். உங்களுக்கு அதைச் சொல்லிக்கொடுத்திருப்பார்கள், எனக்கும் சொல்லிக்கொடுத்தார்கள். நான் எழுதச் சொன்னேன்: “நீதிமன்றக் கேள்வி: உங்களை யாராவது மிரட்டினார்களா? பதில்: இல்லை.”

தட்டச்சர் ஒரு நொடி தாமதித்தார். பிறகு அடித்தார். பெஞ்ச் கிளார்க் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். வக்கீல்கள் இருவரும் எதையோ படித்துக்கொண்டிருந்தார்கள். பச்சையம்மாள் அந்தத் தாளில் படிக்காமலேயே கையெழுத்துப் போட்டார். எழுத்துக் கூட்டி, தன் பெயரை முழுதாக எழுதினார். “இனிமே வர வேணாம் இல்லீங்களா?” என்று டவாலியிடம் கேட்டுக்கொண்டு இறங்கிப் போனார்.

அடுத்த மாதம் தீர்ப்பு எழுதினேன். பார்த்த சாட்சி பிறழ் சாட்சி ஆனதால் சந்தேகத்தின் பலனை எதிரிக்குக் கொடுத்து விடுதலை. இரண்டரைப் பக்கம். பழைய வழக்கு ஒன்று குறைந்தது என்று அந்த மாதக் கூட்டத்தில் என் பெயரை வாசித்தார்கள்.

அந்தக் கட்டு இப்போது எந்த அலமாரியில் இருக்கிறதோ, தெரியாது. அதில் ஒரு வரி பொய். எழுதியது நான். உங்களில் யாராவது பழைய பதிவேடுகளைத் தேடிப் போனால், அந்த வரியை இப்படித் திருத்திப் படித்துக்கொள்ளுங்கள்.

நீதிமன்றக் கேள்வி: உங்களை யாராவது மிரட்டினார்களா?

பதில்: நீங்கள்தான்.